மூச்சுச் சத்தம் காட்டிக்கொடுத்த மீன்: பெங்களூரு குளம் ஒன்றின் நிகழ்வு ஆய்வு

பெங்களூருவின் கிழக்குப் பக்கம், வர்த்தூர் ஏரிக்குப் போகும் ராஜகாலுவே (பெரிய மழைநீர்க் கால்வாய்) ஒன்றை ஒட்டி எங்கள் குடியிருப்பு இருக்கிறது. மொட்டை மாடியில் விழும் மழைநீர் வந்து சேர பின்பக்கம் ஒரு குளம் வெட்டியிருக்கிறார்கள். 40 அடி நீளம், 25 அடி அகலம், ஆழமான மூலையில் 6 அடி. 2024 ஜூன் கடைசியில் அதில் 250 கெண்டைக் குஞ்சுகளையும், கொசுப்புழுவைத் தின்பதற்காக 40 முண்டக்கண்ணி மீன்களையும் விட்டோம். செப்டம்பர் முதல் வாரத்தில் வலை போட்டு எண்ணியபோது எல்லாம் சேர்த்துப் பதினொன்றுதான் வந்தன.

நடுவில் என்ன நடந்தது என்பதை முழுதாக இங்கே எழுதி வைக்கிறேன். நான் பள்ளியில் உயிரியல் நடத்துகிறேன்; குடியிருப்பின் குளத்தைப் பார்த்துக்கொள்ளும் குழுவிலும் இருக்கிறேன். இப்படிக் குளம் வைத்திருக்கும் குடியிருப்புகள் இந்த நகரத்தில் நிறைய உண்டு. நாங்கள் எங்கே சரியாக யோசித்தோம், எங்கே தப்பாகப் போனோம் என்பது அவர்களுக்குத் தெரிந்தால் நல்லது.

முதலில் தப்பாகப் போன கதை.

ஜூலை நடுவிலேயே மீன்கள் குறைவது கண்ணுக்குத் தெரிந்தது. காலையில் பொரி தூவினால் மொய்க்கும் கூட்டம் பாதியாகிவிட்டது. செத்து மிதந்த மீன் ஒன்றுகூட இல்லை. கரையில் செதில் இல்லை, முள் இல்லை. முதலில் கொக்கு என்றோம். பிறகு இரவில் வரும் வக்கா என்றோம். குளத்தின் மேல் பறவை வலை கட்டினோம். மூன்று வாரம் கட்டியிருந்தும் மீன் குறைந்துகொண்டே வந்தது. தண்ணீர்ப் பாம்பு ஒன்று அங்கே வாழ்கிறது. ஆனால் அந்தப் பாம்பு ஒரு மாதத்தில் இருநூறு மீன் தின்னாது.

அதற்கு அப்புறம் குழுவில் ஒருவர், பக்கத்து மனையில் கட்டட வேலை செய்பவர்கள் மீது சந்தேகம் சொன்னார். தகரக் கொட்டகையில் முப்பது பேர் தங்கியிருந்தார்கள். பாதிப் பேர் திருவண்ணாமலைப் பக்கத்துக்காரர்கள், மீதிப் பேர் ராய்ச்சூர்ப் பக்கம். இரவில் வந்து மீன் பிடிக்கிறார்கள் என்று மேஸ்திரிக்கு ஒரு கடிதம் போனது. அதில் நானும் கையெழுத்துப் போட்டேன். யாரும் எதையும் பார்த்திருக்கவில்லை. கண்காணிப்புக் கேமரா பதிவை ஒரு இரவுகூட முழுதாகப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டேன். விரல் நீளக் கெண்டைக் குஞ்சை யார் திருடுவார் என்று ஒரு நிமிடம் யோசித்திருந்தாலே போதும். அந்தக் கடிதத்துக்குப் பிறகு கொட்டகைக் குழந்தைகள் எங்கள் மதில் ஓரம் விளையாட வருவது நின்றுவிட்டது.

ஆகஸ்ட் கடைசியில்தான் உண்மையான முதல் தடயம் கிடைத்தது. குளத்தங்கரைக் கோரைக்குள் கம்புள் கோழி ஒன்று கூடு கட்டிக் குஞ்சு பொரித்திருந்தது. கரியிலே உருட்டிய மாதிரி ஐந்து குஞ்சுகள். இரண்டாவது நாள் நான்கு, ஐந்தாவது நாள் இரண்டு. மூன்றாம் மாடிப் பையன் ஒருவன் கைப்பேசியில் எடுத்த படத்தில் அது தெளிவாகவே இருந்தது: தாய்க்குப் பின்னால் நீந்தும் கடைசிக் குஞ்சு, அடியில் தண்ணீர் லேசாகக் குழிந்து ஒரு சுழிப்பு, பிறகு குஞ்சு இல்லை. சிறகடிப்பு இல்லை, சத்தம் இல்லை. வானத்தைப் பார்த்து வலை கட்டியிருந்தோம். தின்றுகொண்டிருந்தது தண்ணீருக்குள்ளேயே இருந்தது.

ஆனால் ஒரு சிக்கல். அந்த வருடம் மார்ச், ஏப்ரலில் பெங்களூரு பட்ட தண்ணீர்க் கஷ்டம் எல்லோருக்கும் நினைவிருக்கும். ஆழ்துளைக் கிணறுகள் வறண்டு, நகரம் முழுக்க டேங்கர் லாரிக்குக் காத்துக் கிடந்தது. எங்கள் குளமும் வற்றியது. ஆழமான மூலையில் முழங்கால் அளவு சேறும், மேலே ஒரு கை தண்ணீரும்தான் மிச்சம். அதில் மீன் ஏதும் தப்பியிருக்க முடியாது என்று நினைத்துத்தான் மழைக்குப் பிறகு புதிதாகக் குஞ்சு வாங்கி விட்டோம். அப்படியானால் இவ்வளவு பெரிய வாய் எங்கிருந்து வந்தது?

இந்த இடத்தில்தான் மேட்டூர் அண்ணனைக் கூப்பிட்டேன். மீன் வெட்டிக் கொடுக்கும் சின்னக் கடை வைத்திருக்கிறார். பிறந்தது மேட்டூர் அணைக்கரையில், மீன் பிடிக்கிற குடும்பம். இருபது வருடமாக இங்கே இருந்தாலும் ஆற்று மீன் பற்றிக் கேட்டால் முகம் மாறிவிடும். படத்தை மூன்று தடவை பார்த்தார்.

“வாளையா அண்ணே?” என்று கேட்டேன். எனக்குத் தெரிந்த பெரிய கொலைகார மீன் அதுதான்.

“வாளைக்கு ஓடுற தண்ணி வேணும்மா. இந்தத் தொட்டியில, அதுவும் கோடையில அந்தச் சேத்துல, அது ஒரு நாள் தாங்காது” என்றார். “ராத்திரி வந்து உக்காரு. கண்ணால பாக்காத, காதால கேளு.”

வாளையைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும்; அதை விலக்கியதுதான் இந்த ஆய்வில் முதல் சரியான படி. நம் மருத நிலத்துப் பாட்டுகளில் துள்ளுகிற வாளை, பெரும்பாலும் இதுதான். வல்லாகோ அட்டு என்பது இதன் அறிவியல் பெயர். 1801-ல் பதிவான அந்தப் பெயரின் ‘அட்டு’, நம் ‘ஆத்து வாளை’யிலிருந்து போனது. தெலுங்கில் வாலுக, கன்னடத்தில் பாளெ மீனு, வங்காளத்தில் போவால். செதில் கிடையாது, நாடா மாதிரி நீண்ட உடல், வாய் கண்ணையும் தாண்டிப் பின்னே கிழிந்திருக்கும். இரண்டே ஜோடி மீசை. அதில் மேல் ஜோடி உடலின் பாதி வரை வரும். பகலில் கரைப் பொந்தில் கிடந்து இரவில் மீன் வேட்டைக்குக் கிளம்பும். மழை தொடங்கி ஆறு கரை மீறும்போது வெள்ளம் பாய்ந்த ஆழமில்லாத இடங்களுக்கு ஏறிப்போய் முட்டையிடும். ஆறும் வெள்ளமும் இணைந்திருந்தால்தான் அதற்கு வாழ்க்கை. அணையும் மணல் கொள்ளையும் கழிவும் அந்த இணைப்பை அறுத்ததில், 2019 முதல் அது உலக அளவில் அழிவாய்ப்புள்ள இனங்களின் பட்டியலில் இருக்கிறது. முக்கியமாக, வாளைக்கு நீரில் கரைந்த ஆக்சிஜன் மட்டும்தான். காற்றை விழுங்கிப் பிழைக்கத் தெரியாது. சேற்றுக் குட்டையில் கோடையைக் கடத்திய மீன் அதுவாக இருக்க வழியில்லை.

சரி, காற்றை விழுங்கும் இவ்வளவு பெரிய மீன் என்றால் நம் ஊரில் யார் யார்? விரால் ஒன்று. அதுவும் வேட்டை மீன்தான், சேற்றில் கிடக்கும், வறட்சி தாங்கும். இன்னொன்று, பெயரைக் கேட்டதும் அண்ணன் உதட்டைச் சுழித்த ஆப்பிரிக்கன் கெளுத்தி. தமிழ்நாட்டில் சிலர் ஆப்பிரிக்கன் தேளி என்பார்கள், வடக்கே தாய் மாகூர்.

இரவில் கேட்டது

செப்டம்பர் 10 முதல் ஐந்து இரவுகள் குளத்தங்கரையில் உட்கார்ந்தேன். கடிகாரம், நோட்டு, பள்ளி ஆய்வகத்திலிருந்து கேட்டு வாங்கி வந்த ஆக்சிஜன் சோதனைப் பெட்டி. அண்ணன் இரண்டு இரவு துணைக்கு வந்தார்.

ஒன்பது மணிக்கு மேல் அந்தச் சத்தம் கேட்க ஆரம்பித்தது. குடத்தைத் தண்ணீரில் அழுத்தி எடுத்தால் வருமே, அந்த மாதிரி ஒரு ‘குளுக்’. அதற்குப் பிறகு அதே இடத்திலிருந்து வரிசையாகக் குமிழிகள். இரவு ஒன்பதரைக்கு இரண்டு சத்தத்துக்கு நடுவே சுமார் இருபது நிமிடம். நள்ளிரவுக்குப் பின் பத்து நிமிடம். அதிகாலை ஐந்து மணிக்கு நான்கு நிமிடத்துக்கு ஒரு தடவை. ஐந்து இரவும் இதே ஒழுங்கு.

தண்ணீரில் கரைந்த ஆக்சிஜனை அளந்த எண்கள் பக்கத்திலேயே இருந்தன. பிற்பகல் மூன்று மணிக்கு லிட்டருக்கு 10 மில்லிகிராமுக்கு மேல். அதிகாலை ஐந்தரைக்கு 0.8. பார்த்ததும் திக்கென்றது. எங்கள் குளம் பச்சைப் பாசி கரைத்த நிறத்தில் இருந்தது. அதை ‘இயற்கை’ என்று நினைத்துப் பெருமைப்பட்டுக்கொண்டிருந்தோம். பாசி பகலில் ஆக்சிஜன் கொடுக்கும், இரவில் அதுவும் சேர்ந்து மூச்சு விட்டுத் தீர்த்துவிடும். தோட்டத்து உரம் மழையில் வழிந்து குளத்துக்குத்தான் வருகிறது. போதாததற்கு, வீட்டில் மிஞ்சிய சோறு, பிரட், சப்பாத்தி எல்லாம் ‘மீனுக்கு’ என்று குளத்தில் விழுகிறது. விடியற்காலையில் அந்தத் தண்ணீரில் கெண்டைகள் மேலே வந்து வாயைப் பிளந்துகொண்டு திணறும். அந்த நேரத்தில் திணறாத ஒரே உயிர், மேலே வந்து ஒரு வாய் காற்றை விழுங்கிவிட்டுக் கீழே போகிற அந்த ஒன்றுதான். மூச்சுக்குத் தவித்து மேலே ஒட்டிக் கிடக்கும் கூட்டத்தை அது அடியிலிருந்து சாவகாசமாக எடுத்திருக்கிறது என்பது என் கணிப்பு. தினம் விடிவதற்கு முன் அதற்கு அந்தப் பந்தியை விரித்து வைத்தது நாங்கள் கொட்டிய சோறும் உரமும்தான்.

விராலா, கெளுத்தியா என்பதைப் பிரிக்க அண்ணன் ஒரு எளிய சோதனை செய்தார். விரால் கண்ணை நம்பி வேட்டையாடும். அசைகிற இரை வேண்டும். கெளுத்தி மோப்பத்தையும் மீசையையும் நம்பும். நான்கு ஜோடி மீசை, தோலெல்லாம் சுவை உணரும் மொட்டு, போதாததற்கு மற்ற உயிர்களின் தசை அசையும்போது எழும் மெல்லிய மின்சாரத்தையும் உணரும். கும்மிருட்டும் கலங்கலும் அதற்கு ஒரு பொருட்டே இல்லை. இரண்டு தூண்டில், ஒன்றில் உயிருள்ள தவளை, இன்னொன்றில் முந்தின நாள் கோழிக்குடல். தவளை காலை வரை சும்மா இருந்தது. குடல் போட்ட தூண்டிலின் நரம்பு இரவு பதினொன்றுக்கு அறுந்தது.

“முடிஞ்சுது போம்மா” என்றார் அண்ணன்.

பிடித்தது

செப்டம்பர் 22, ஞாயிற்றுக்கிழமை, மோட்டார் வைத்துக் குளத்தை இறைத்தோம். இறைத்த தண்ணீரைக் காலுவேக்கு விடாமல் தோட்டத்துக்கே பாய்ச்சினோம். குஞ்சோ முட்டையோ இருந்தால் வெளியே போகக்கூடாது என்று குழாய் வாயில் கொசுவலை கட்டினோம். முழங்கால் அளவுக்கு வற்றியதும் அண்ணன் வீச்சு வலை போட்டார். வலை கனத்துக்கு அடியில் சேற்றை உழுதுகொண்டு அது இரண்டு தடவை நழுவியது. பிறகு அவர் வீட்டிலிருந்து கொண்டுவந்த ஊத்தாவை எடுத்தார். அடிப்பக்கம் திறந்த மூங்கில் கூடை. நம் பக்கம் ஏரி வற்றும்போது ஊரே சேர்ந்து இறங்கி இதை வைத்துத்தான் மீன் பிடிக்கும். பெங்களூருவில் அடுக்குமாடிகளுக்கு நடுவே ஒருவர் ஊத்தாவைச் சேற்றில் அழுத்தி அழுத்தி நடப்பதைப் பார்க்க, பக்கத்து மனையின் தொழிலாளர்கள் மதில் மேல் ஏறி நின்றார்கள். ஒருவர் குதித்து இறங்கி வந்து உதவினார். அவர்தான் கடைசியில் கூடையின் மேல்வாய்க்குள் கைவிட்டு அதைத் தூக்கினார்.

நீளம் 86 சென்டிமீட்டர், எடை 4.6 கிலோ. மூன்று மாதத்தில் இந்த அளவு வளர முடியாது. ஆக மழைக்கு முன்பே, வறட்சிக்கும் முன்பே அது அங்கே இருந்திருக்கிறது. தட்டையான தலை, மேலே கை வைத்தால் கல் உரல் மாதிரி சொரசொரப்பான எலும்புக் கவசம். முதுகில் தொடங்கி வால் வரை ஒரே நீளத் துடுப்பு, அடியிலும் அப்படியே. சின்னக் கண். ஆப்பிரிக்கன் கெளுத்திதான், சந்தேகமே இல்லை. அறிவியல் பெயர் கிளாரியஸ் கேரியபைனஸ்.

அந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு ஆறு இருக்கிறது. தென்னாப்பிரிக்காவின் ஆரஞ்சு ஆற்றுக்கு உள்ளூர்ப் பெயர் கேரியெப். வில்லியம் பர்செல் என்ற இயற்கையியலாளர் 1822-ல் இந்த மீனை விவரித்தபோது அந்த ஆற்றின் பெயரையே வைத்தார். தெற்கே அந்த ஆற்றிலிருந்து வடக்கே நைல் வரை, அதையும் தாண்டி ஜோர்டான், துருக்கி வரை இதன் சொந்த இடம். அங்கே அது யாருக்கும் எதிரி இல்லை. வெள்ளமும் வறட்சியும் மாறி மாறி வரும் நிலத்துக்காகவே செதுக்கிய உடல். போட்ஸ்வானாவில் ஒகவாங்கோ சதுப்பு நிலத்தில் வெள்ளம் வடியும் மாதங்களில் நூற்றுக்கணக்கான கெளுத்திகள் ஒன்றாகச் சேர்ந்து, பாப்பிரஸ் கோரையை வாலால் அடித்து, உள்ளே ஒளிந்திருக்கும் சிறு மீன்களை வெளியே விரட்டிப் பிடிக்கும். மேலே நாரையும் கொக்கும், கீழே முதலையும் அந்த வேட்டையைப் பின்தொடரும். என் வாழ்நாளில் ஒரு தடவையாவது நேரில் பார்க்க வேண்டும் என்று நான் ஆசைப்படும் காட்சி அது. 170 சென்டிமீட்டர், 60 கிலோ வரை அங்கே பதிவாகியிருக்கிறது.

மீனைக் கரையில் வைத்ததும் குடியிருப்பின் வாட்ஸப் குழுவில் ஒரு வாதம் கிளம்பியது. ‘பாவம், ஏரியில் விட்டுவிடுங்கள்’ என்று பாதிப் பேர். அவர்கள் மனசு எனக்குப் புரிகிறது. ஆனால் விடக்கூடாது என்று பிடிவாதமாக நின்றேன். 1990-களில் வங்கதேசம் வழியாகத் திருட்டுத்தனமாக உள்ளே வந்த மீன் இது. ஆறேழு மாதத்தில் ஒரு கிலோ ஆகிவிடும், கோழிக்கழிவு போட்டாலும் வளரும், எந்தச் சாக்கடைத் தண்ணீரிலும் சாகாது. வளர்ப்பவருக்கு வேறென்ன வேண்டும்? மத்திய அரசு 1997-லேயே இதன் வளர்ப்பைத் தடை செய்தது. ஆனாலும் சந்தையில் நீல ட்ரம்மில் உயிரோடு நெளிகிற கெளுத்தி பெரும்பாலும் இதுதான். ராஜஸ்தானில் பரத்பூரின் கேவலாதேவ் தேசியப் பூங்காவில் கால்வாய்த் தண்ணீரோடு உள்ளே புகுந்து, நீர்ப்பறவைகளையே பிடித்துத் தின்னும் அளவுக்குப் பெருகி, ஆயிரக்கணக்கில் பிடித்து அகற்ற வேண்டியதாயிற்று. காவிரியிலும் இன்று இது இருக்கிறது. ஒரு மீனுக்கு இரக்கப்பட்டு ஏரியில் விட்டால் அந்த ஏரி முழுக்க உள்ள மற்ற உயிர்கள் அதற்கு விலை கொடுக்கும்.

காற்றை மூச்சாக எடுக்கும் மீனைத் தரையில் போட்டு விட்டால் மணிக்கணக்கில் உயிரோடு கிடந்து வதைபடும். அண்ணன் ஈரச் சாக்கால் அதன் கண்ணை மூடி, மண்டைக்குப் பின்னால் ஒரே அடி. நான் வேறு பக்கம் திரும்பிக்கொள்ளவில்லை. முடிவை எடுத்தவள் நான். பார்க்காமல் இருப்பது நியாயமில்லை.

உள்ளே இருந்தது

வயிற்றில் நத்தை மூடிகள், தட்டான் இளம்பூச்சிகள், ஒரு சிறிய மஞ்சள் கால் எலும்பு, இறகுத் தண்டு இரண்டு, பூக்கட்டும் நார், அப்புறம் சோற்றுப் பருக்கைகள். கெண்டை ஒன்றுகூட இல்லை. இதைக் காட்டி ‘அப்போ இது மீன் தின்னவில்லையே’ என்று ஒருவர் கேட்டார். வயிறு கடைசி ஓரிரண்டு நாள் சாப்பாட்டை மட்டும்தான் சொல்லும். கெண்டைதான் ஏற்கெனவே தீர்ந்துவிட்டதே. இந்த மீனின் பலமே அதுதான்: மீன் இருந்தால் மீன், தீர்ந்தால் நத்தை, புழு, பழம், பிணம். செவுள் சீப்பில் மிதவை உயிரிகளைக்கூட வடிகட்டித் தின்னும். வாளை பெரும்பாலும் மீனை நம்பித்தான் வாழும். இது அப்படியில்லை, இரை தீர்ந்த குளத்திலும் அடுத்த இரை வரும்வரை காத்திருக்க அதற்கு வழி இருக்கிறது. நாங்கள் புதுசு புதுசாகக் குஞ்சு வாங்கி விட்டிருந்தால் வருடக்கணக்கில் தீனி போட்டிருப்போம்.

செவுள் மூடியைத் திறந்து, மேலே உள்ள அறையை வெட்டிக் காட்டினேன். என் வகுப்புப் பிள்ளைகள் நான்கு பேர் வந்திருந்தார்கள். இரண்டாவது, நான்காவது செவுள் வளைவுகளிலிருந்து மரம் மாதிரி கிளைத்து நிற்கும் சிவந்த உறுப்பு. பவழக் கொத்து போல இருந்தது. ஒவ்வொரு கிளையிலும் நுண்ணிய ரத்தக் குழாய்கள். ‘குளுக்’ என்று விழுங்கிய காற்று இங்கேதான் வந்து தங்கும். வெயிலில் வெந்த ஏப்ரல் மாதச் சேற்றில் அதைக் காப்பாற்றியது இந்தக் கைப்பிடிப் பவழம்தான். பிள்ளைகள் வெகுநேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பெண் மீன். சினைப்பை 380 கிராம். ஒரு கிராமுக்குச் சுமார் 600 முட்டை என்று கணக்குப் போட்டால் இரண்டு லட்சத்துக்கு மேல். மழை கொட்டி நீர் ஏறும் இரவில், புல் முங்கிய ஓரத்தில் இவை ஒட்டிக்கொண்டு, ஒன்றிரண்டு நாளிலேயே பொரித்துவிடும். தாயோ தகப்பனோ காவல் இருப்பதில்லை, எண்ணிக்கையே காவல். உடலைத் தென்னை மரத்தடியில் ஆழமாகக் குழி வெட்டிப் புதைத்தோம். எதைத் தின்று வளர்ந்ததோ, சாப்பிட வேண்டாம் என்று அண்ணன் சொல்லிவிட்டார்.

அன்று மாலை கொட்டகைக்குப் போய் மேஸ்திரி முன்னாலேயே மன்னிப்புக் கேட்டேன். கூடைக்குள் கைவிட்டவர், “மீன் அவ்ளோ பெருசுன்னு உங்களுக்கும் தெரியாதுல்லக்கா” என்றார். அவர் அதை அவ்வளவு லேசாக விட்டது எனக்கு இன்னும் கனமாக இருக்கிறது. கடிதத்தைத் திரும்பப் பெற்று, தவறு என்று எழுதியும் கொடுத்தோம்.

குளத்தை ஒரு வாரம் காயவிட்டு, சேற்றை அள்ளித் தோட்டத்துக்குப் போட்டோம். இப்போது சோறு போடக்கூடாது என்று பலகை இருக்கிறது. உரம் வழியாமல் கரையைச் சுற்றி ஒரு சிறு வரப்பு. விடியற்காலை மூன்று மணிநேரம் மட்டும் ஓடும் காற்றுப் பம்பு ஒன்று. கடைசியாக அளந்தபோது அதிகாலை ஆக்சிஜன் 4.1.

எங்கிருந்து வந்தது என்ற கேள்வி டிசம்பரில் தானாகவே அவிழ்ந்தது. நான்காம் மாடிப் பாட்டி என்னை வீட்டுக்குக் கூப்பிட்டார். ஹலசூருவில் பிறந்து வளர்ந்தவர். இரண்டு வருடத்துக்கு முன் சிவாஜிநகர்ப் பக்கம் சந்தையில் உயிர் மீன் வாங்கி வந்திருக்கிறார். வீட்டில் பையைத் திறந்ததும் அது வாயைத் திறந்து மூச்சு விட, பேரன் அழ ஆரம்பித்துவிட்டானாம்.

“உசுரோட இருக்குறத எப்படிம்மா அறுக்கிறது? எனக்கும் மனசு வரல. கொண்டுபோய்க் குளத்துல விட்டுட்டேன். நல்லா இருக்கட்டும்னுதான் விட்டேன்.” கண் கலங்கியிருந்தது. அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். உங்கள் மேல் தப்பில்லை என்று நான் சொல்லவில்லை. தெரியாமல் நடந்தது பாட்டி என்று மட்டும் சொன்னேன். எழுந்திருக்கும்போதுதான் கேட்டேன், எவ்வளவு பெரிய மீன் பாட்டி அது?

“ஒவ்வொண்ணும் முக்கா கிலோ இருக்கும்மா.”

இரண்டு. நாங்கள் பிடித்தது ஒன்று. குளத்தை அடிவரை வழித்தாகிவிட்டது. இன்னொன்று அங்கே இல்லை.

வாயில் காவலர் தர்மபுரிக்காரர். ஜனவரியில் ஒரு நாள் பேச்சுவாக்கில் இந்தக் கதையைச் சொன்னபோது அவர் முகம் மாறியது. 2024 ஜூன் 2, ஞாயிறு இரவு. அன்று பெங்களூருவில் ஒரே நாளில் 111 மில்லிமீட்டர் மழை. ஜூன் மாதத்துக்கு நூறு வருடத்தில் இல்லாத மழை. குளம் நிரம்பி கோடி வழிந்து, கார் நிறுத்தும் பாதை முழுக்கக் கணுக்கால் தண்ணீர். இந்த மீன் மழை இரவில் மார்புத் துடுப்பின் முள்ளை ஊன்றி, உடலை வளைத்து வளைத்துத் தரையில் ஊர்ந்து அடுத்த நீருக்குப் போகும். அவர் டார்ச் அடித்தபோது தூண் ஓரத்தில் கை நீளத்துக்கு ஒரு மீன் ஊர்ந்துகொண்டிருந்ததாம்.

“பாவமா இருந்துச்சுங்க மேடம். வாயத் தொறந்து தொறந்து மூடிட்டு இருந்துச்சு. சாக்குல சுத்தித் தூக்கிட்டுப் போய் கால்வாயில விட்டேன். தண்ணி நல்லா ஓடிட்டு இருந்துச்சு, பொழைச்சிருக்கும்.”

அந்தக் காலுவே வர்த்தூர் ஏரிக்குப் போகிறது. அங்கிருந்து தட்சிண பினாகினி. எல்லை தாண்டினால் அது நம் தென்பெண்ணை. ஓசூருக்குப் பக்கத்தில் கெலவரப்பள்ளி அணை, அப்புறம் கிருஷ்ணகிரி, சாத்தனூர், கடலூர்.

அவரிடம் நான் எதையும் விளக்கவில்லை. வீட்டுக்கு வந்து நோட்டைத் திறந்து, ஜூன் 2 என்று ஒரு தேதி போட்டு, எதிரே எழுதினேன்: ‘இன்னொன்று, காலுவேயில்.’